தரைநாள் கணக்கு

ஒரு தாளைச் சுவரில் நேராக மாட்டத் தெரிந்தவர்கள் மிகவும் குறைவு. விசாரணை அறையில் மாட்டியிருந்த நாள்தாள் இடது பக்கம் ஒரு விரற்கடை இறங்கியிருந்தது. மூன்று நாட்கள் அதைப் பார்த்துக்கொண்டே பதில் சொல்ல வேண்டியிருந்தது. நான்காம் நாள், எழுந்து சரிசெய்யட்டுமா என்று கேட்டேன். விசாரணைக்காரர் பேனா மூடியைக் கழற்றிக் கழற்றி மாட்டியபடி, "உக்காருங்கம்மா, அதெல்லாம் அப்புறம் பாத்துக்கலாம்" என்றார்.

அது போன அரைவருடத்துத் தாள். புதியது வெளிவரவில்லை. அதை எழுத வேண்டிய நான் அவருக்கு எதிரே உட்கார்ந்திருந்தேன். பழைய தாளின் கடைசி மாதத்தைப் பற்றித்தான் அவர் என்னிடம் நான்கு நாட்களாகக் கேட்டுக்கொண்டிருந்தார். தலையைத் திருப்பி ஒருமுறை அதைப் பார்த்திருக்கலாம். பார்க்கவில்லை.

என் வேலையில் இது எனக்குப் பழகிப்போனது. தாளை எல்லோரும் நம்புவார்கள். யாரும் படிக்க மாட்டார்கள்.

சமையலறையில் தாளை மாட்டி வைத்திருப்பவர்களுக்கே பாதி விஷயம் தெரியாது என்பதால் ஆரம்பத்திலிருந்து சொல்கிறேன். வானத்தில் இரண்டு நிலா. பெரியவள் ஒரு சுற்று வர முப்பத்தாறு நாள் ஆகும். அதுதான் மாதம். பத்து மாதம் ஒரு வருடம். பத்து மாதம் முடிந்த பிறகும் பருவம் திரும்பிவர நான்கு நாளோ ஐந்து நாளோ பாக்கி இருக்கும். அந்த நாட்கள் எந்த மாதத்திலும் சேராது. அவற்றுக்குத் தேதி கிடையாது. எண்ணாத நாட்கள் என்பார்கள். அந்த நாட்களைத் தாண்டி எந்த வாக்கும் நிற்காது. வருடத்துக்குள் கொடுத்த வாக்கை வருடத்துக்குள் நிறைவேற்ற வேண்டும், வீடு கட்டித் தருகிறேன் என்று சொன்னாலும் சரி, பெண்ணைக் கட்டிக்கொள்கிறேன் என்று சொன்னாலும் சரி.

நான் எண்ணாத நாட்களில் மூன்றாவது நாள் பிறந்தேன். பதிவேட்டில் என் பிறந்த தேதிக்கான கட்டத்தில் ஒரு கோடு மட்டும் இருக்கும். "இவளுக்கு வயசே ஏறாதுடி, குடுத்து வச்சவ" என்று அம்மாவின் தோழிகள் கன்னத்தைக் கிள்ளுவார்கள். தேதி இல்லாதவர்களுக்கு மணப்பதிவும் கிடையாது என்பதை அவர்கள் அந்தச் சமயத்தில் சொல்ல மாட்டார்கள். அதற்கு ஈடாக எங்களுக்குத் தாள் அலுவலகத்தில் வேலை உண்டு. தனக்கென்று ஒரு நாள் இல்லாதவளுக்கு எந்த நாளின் மேலும் பாசம் இருக்காது, ஆகவே கணக்கில் ஓரவஞ்சனை செய்ய மாட்டாள் என்பது ஊரின் நம்பிக்கை. பதினான்கு வயதில் என்னைக் கொண்டுபோய் உட்காரவைத்தார்கள். எனக்கு முன்பிருந்த கிழவர் கண் மங்கி விலகிய பிறகு, கணக்குப் போடத் தெரிந்தவள் நான் ஒருத்திதான்.

எனக்கு மேலே ஒரு அதிகாரி இருந்தார். தாளின் அடியில் முத்திரை குத்துவது அவர் வேலை. வீட்டில் நானும் என் தங்கையும் அவரை முத்திரை என்றுதான் சொல்வோம்.

இனி சின்னவள். இந்த நிலாவுக்கு இருபத்துமூன்று நாளே போதும். பெரியவளும் சின்னவளும் வானத்தில் ஒரே இடத்தில் சேரும் நாளில், எங்கள் ஊருக்கும் அக்கரைக்கும் நடுவே இருக்கும் தண்ணீர் இறங்கி, மணல் தெரியும். ஆறு மணி நேரம் பாதை காய்ந்து கிடக்கும். அதுதான் தரைநாள். நடுவில் நீரோட்டம் மோசம் என்பதால் படகு கிடையாது. அக்கரைக்குப் போகிறவர்கள் அன்று நடந்துதான் போக வேண்டும். இரு கரையிலும் இரும்புக் கதவு உண்டு. தாளில் சிவப்புப் புள்ளி இருக்கும் நாளில் மட்டும் கதவைத் திறப்பார்கள்.

ஒரு தரைநாளுக்கும் அடுத்த தரைநாளுக்கும் இடையே அறுபத்துநான்கு நாள். சில தடவை அறுபத்துமூன்று. பதின்மூன்று தடவைகளில் ஒன்பது தடவை அறுபத்துநான்கு வரும், நான்கு தடவை அறுபத்துமூன்று வரும். ஒரு அறுபத்துமூன்றுக்கு அடுத்து உடனே இன்னொன்று வரவே வராது. என் மேசைக்கு மேலே இதைப் பெரிய எழுத்தில் எழுதி ஒட்டியிருக்கிறேன். முத்திரை தினமும் அதைக் கடந்துதான் தண்ணீர் குடிக்கப் போவார்.

என் தங்கையைக் குட்டி என்று கூப்பிடுவோம். நான்காம் மாதம் பத்தாம் தேதி பிறந்தவள். ஒழுங்கான தேதி. அவளுக்கு நான்கு வயதாகும்போது அம்மா போய்விட்டாள். அப்பா அதற்கும் முன்னாலேயே. எனக்கு அப்போது பதினாறு இருக்கும் என்று அக்கம்பக்கத்தில் சொன்னார்கள். குட்டி என் மடியில் உட்கார்ந்து அம்மா எங்கே என்று கேட்டாள். "ஊருக்குப் போயிருக்காங்கடா, வந்துருவாங்க" என்றேன். அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை, கையைப் பார்த்தாள். எழுதி எழுதி என் நடுவிரலில் ஒரு காய்ப்பு உண்டு. பொய் சொல்லும்போது கட்டைவிரலால் அதைத் தடவுவேனாம். எனக்கே தெரியாத விஷயம் இது. வளர்ந்த பிறகு அவள்தான் சொன்னாள்.

"அக்கா, உன் வாய் என்ன சொன்னாலும் உன் கை காட்டிக் குடுத்துரும். நீ மட்டும் சீட்டாடப் போயிராதே, வீட்டையே வச்சுத் தோத்துருவ."

இருபது வருடம் அவளுக்குத் தலை வாரிவிட்டேன். காய்ச்சல் வந்தால் நெற்றியில் கை வைத்தபடியே கணக்குப் போட்டிருக்கிறேன். அவளுடைய எல்லாப் பிறந்தநாளையும் நான்தான் தாளில் எழுதினேன். மற்ற எண்களை எழுதும் அதே பேனாதான், ஆனால் பத்து என்ற எண்ணைக் கொஞ்சம் அழகாக எழுதுவேன். அது மட்டும்தான் நான் செய்த ஓரவஞ்சனை என்று நெடுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அவளைக் கட்டிக்கொள்ள இருந்தவன் அக்கரையில் மூக்குக்கண்ணாடி செய்பவன். தரைநாள் காலையில் தோளில் பெட்டியோடு வந்து, சந்தைத் தெரு முனையில் ஒரு மணி நேரம் கடை விரித்து, தண்ணீர் வருவதற்குள் திரும்ப ஓடுவான். குட்டிதான் என்னை இழுத்துக்கொண்டு போனாள்.

அவன் என் பழைய கண்ணாடியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தான். "இதைப் போட்டுக்கிட்டா இத்தனை நாள் கணக்குப் பாத்தீங்க? மூணு எட்டாத் தெரிஞ்சிருக்குமே அக்கா."

"தெரியும். ஆனா அது மூணுன்னு எனக்குத் தெரியும்."

அவன் சிரித்தான். குட்டியும் சிரித்தாள். அடுத்த தரைநாளில் புதுக் கண்ணாடியைக் கொண்டுவந்து, தானே என் காதில் மாட்டிவிட்டு, "இப்ப எப்படித் தெரியுது?" என்று கேட்டான். நன்றாகத் தெரிந்தது. அவன் கேள்வி என்னிடம் இருந்ததும், பார்வை என் தோளுக்குப் பின்னால் நின்றவளிடம் இருந்ததும் மிகத் தெளிவாகத் தெரிந்தது.

அவன் நல்லவன். விசாரணைக்காரர் இதை எழுதிக்கொள்ளவில்லை. ஆகவே நான் சொல்லி வைக்கிறேன். அறுபத்துச் சொச்சம் நாட்களுக்கு ஒரு மணி நேரம் என்று இரண்டு வருடம் அவளைக் காதலித்தான். இடையில் ஒரு கடிதம் கூடப் போய்வர வழியில்லை. அந்த ஒரு மணி நேரத்திலும் பாதியை எனக்கு ஒதுக்கினான், மரியாதைக்காக. போன வருடம் இரண்டாம் மாதத்தில் மணவாக்குப் பதிவானது. அவன் அம்மாவுக்குக் கால் வலி, வீட்டில் ஒரு அறை சேர்த்துக் கட்ட வேண்டும் என்று தள்ளித் தள்ளி, வருடத்தின் கடைசித் தரைநாளில் திருமணம் என்று முடிவானது. அவர்கள் எல்லோரும் இந்தக் கரைக்கு வந்து, பதிவு முடித்து, குட்டியை அழைத்துக்கொண்டு அன்றே திரும்புவார்கள்.

அன்று அவன் என்னிடம் சொன்னான். "நீங்களும் எங்ககூட வந்துருங்கக்கா. அக்கரையிலயும் சுவர் இருக்கு, தாள் மாட்டலாம்."

"நான் வந்துட்டா தாளை யாரு எழுதுறது?"

"யாராவது எழுதுவாங்கக்கா."

கேலியாகச் சொல்லவில்லை. அன்பாகத்தான் சொன்னான். யாராவது. அந்தச் சொல்லோடு நான் வீட்டுக்கு வந்தேன். குட்டி பின்கட்டில் பாடிக்கொண்டே துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். இருபது வருடத்தில் அவள் துணி உலர்த்தும்போது பாடி நான் கேட்டதில்லை.

இன்னொரு விஷயத்தையும் இங்கே சொல்லிவிட வேண்டும். தரைநாளுக்கு முந்தைய நாளும் மறுநாளும் கூடத் தண்ணீர் இறங்கும். பார்ப்பதற்குத் தரைநாள் போலவே இருக்கும். ஆனால் ஒன்றே முக்கால் மணி நேரம்தான். அக்கரையிலிருந்து இங்கே நடந்துவர இரண்டரை மணி நேரம் ஆகும், பெட்டி படுக்கையோடு வந்தால் மூன்று. திரும்பிவரும் தண்ணீர் முதலில் இரு கரையோரப் பள்ளங்களில்தான் நிரம்பும். கம்பம் நட்டிருக்கும் நடுமேட்டுக்குக் கடைசியில்தான் வரும். நடுவில் இருப்பவனுக்குக் கால் நனையும்போது முன்னாலும் பின்னாலும் வழி அடைந்திருக்கும். ஏழு வருடம் கரையில் நின்று அளந்து, இதையெல்லாம் ஒரு அட்டவணையாக எழுதினேன். யாரும் கேட்காமல் நானாகவே செய்தது. தாளின் அடியில் நான்கு வரி போட்டால் போதும் என்று முத்திரையிடம் கொண்டுபோனேன்.

"வேணாம்மா" என்றார். "ஜனங்க குழம்பிருவாங்க. ஒரு புள்ளி, ஒரு நாள். அவங்களுக்கு அவ்வளவு போதும்."

மூன்று முறை கொண்டுபோனேன். மூன்றாம் முறை அதன் மேல் தேநீர்க் குவளையை வைத்தார். அந்த வட்டக் கறை இன்னும் இருக்கிறது. அந்த நான்கு வரி தாளில் இருந்திருந்தால் அன்று ஒருவரும் பாதையில் இறங்கியிருக்க மாட்டார்கள். இதை விசாரணைக்காரரிடம் எத்தனையோ முறை சொல்லிவிட்டேன். அவர் அந்தப் பக்கமே வருவதில்லை. அவருக்கு ஒரே கேள்விதான்.

"ஏன் ஒரு நாள்? சொல்லுங்க. கல்யாணத்தை நிறுத்தணும்னா நாலு நாள் தள்ளிப் போட்டிருக்கலாமே. கதவைத் தொறந்ததும் தண்ணி தளும்பிக்கிட்டு நின்னுருக்கும். யாரும் இறங்கியிருக்க மாட்டாங்க. ஏன் ஒரே ஒரு நாள்?"

நான் செய்தது இவ்வளவுதான். ஐந்தாம் மாதக் கடைசியில், இரண்டாம் அரைவருடத் தாளை எழுதினேன். வரைவில் கடைசித் தரைநாளைப் பத்தாம் மாதம் முப்பத்திரண்டு என்று சரியாகத்தான் போட்டேன். இந்தத் தடவை இடைவெளி அறுபத்துமூன்று. நல்ல தாளில் எழுதும்போது அறுபத்துநான்கு என்று வைத்துக்கொண்டேன். சிவப்புப் புள்ளி முப்பத்துமூன்றில் விழுந்தது. முத்திரைக்கு இரண்டும் ஒன்றுதான். குத்திவிட்டு, "கையெழுத்து அழகா இருக்கும்மா" என்றார்.

அவன் வருவான், மணல் ஈரமாக இருப்பதைப் பார்ப்பான், யோசிப்பான், கரையிலிருந்தே திரும்பிவிடுவான் என்று நினைத்தேன். வருடம் முடிந்து வாக்கு அற்றுப்போகும். மறுபடி பேச அவன் அம்மாவின் கால் இடம் கொடுக்காது. இப்படித்தான் நினைத்தேன் என்று விசாரணைக்காரரிடம் சொன்னேன். மேசைக்கு அடியில் என் கைகள் என்ன செய்துகொண்டிருந்தன என்று நான் பார்க்கவில்லை.

முப்பத்திரண்டாம் தேதி காலை நடந்ததை அவரிடம் சொல்லவில்லை. அவர் கேட்கவில்லை.

அன்று கதவுக்காரர் அலுவலகத்துக்கு வந்தார். எங்கள் கரைக் கதவை இருபத்திரண்டு வருடமாகத் திறந்து மூடுபவர். வாசலிலேயே செருப்பை உதறிவிட்டு நின்றார்.

"அம்மா, ஒரு நிமிஷம் வெளிய வந்து பாக்குறீங்களா? மணல் தெரியுது."

"எவ்வளவு தூரம்?"

"நடுக்கம்பம் வரைக்கும் வெள்ளை வெளேர்னு கெடக்கு. எனக்கென்னமோ இன்னைக்குத்தான் தரைநாள் மாதிரி தோணுது."

"தாள்ல என்ன போட்டிருக்கு?"

"நாளைக்குன்னு."

"அப்புறம் என்ன?"

அவர் தலையைச் சொறிந்தார். "ஒண்ணும் இல்லம்மா. கண்ணு ஒண்ணு சொல்லுது, தாள் ஒண்ணு சொல்லுது. அதான் உங்களையே கேட்டுரலாம்னு வந்தேன்."

"முந்தின நாள் கொஞ்சம் இறங்கத்தான் செய்யும். சீக்கிரம் ஏறிடும். நாளைக்குத்தான் முழுசா இறங்கும். இன்னைக்குத் தொறந்துராதீங்க, ஆபத்து."

"நல்லவேளை கேட்டேன்" என்றார் அவர். "வயசாயிருச்சு. நாளைக்கு மாப்பிள்ளை வந்ததும் எனக்கும் ஒரு கண்ணாடிக்குச் சொல்லணும். நம்ம வீட்டு மாப்பிள்ளை, நல்லதாப் பாத்துக் குடுப்பாரு."

ஏழு வருடத்தில் என் அட்டவணையைப் பற்றி ஒருவர் கேட்டது அன்றுதான். எவ்வளவு பொறுமையாக எடுத்துச் சொன்னேன் என்று யோசித்தால் எனக்கே வியப்பாக இருக்கிறது.

மறுநாள் நானும் குட்டியும் கரையில் நின்றோம். நான் தைத்துக் கொடுத்த மஞ்சள் உடையில் இருந்தாள். கதவு திறந்ததும் இங்கிருந்து பத்துப் பேர் அக்கரைக்குக் கிளம்பினார்கள். கதவுக்காரர் வழக்கம்போல நடுக்கம்பத்தில் கொடி கட்ட அவர்களுக்கு முன்னால் போனார். அக்கரையிலிருந்து மாப்பிள்ளை வீட்டார் இருபத்தெட்டுப் பேர். அவன் அம்மா மட்டும் கால் வலியால் வரவில்லை. நடுக்கம்பத்துக்கு வந்ததும் ஒரு கண்ணாடிச் சில்லால் வெயிலைத் திருப்பிக் காட்டுகிறேன் என்று அவன் குட்டியிடம் சொல்லியிருந்தானாம்.

காட்டினான். தூரத்தில் ஒரு பொட்டு மின்னியது. குட்டி என் கையைப் பிடித்துக்கொண்டு குதித்தாள். அப்போது எங்கள் காலடியில் இருந்த பள்ளத்தில் தண்ணீர் ஓசையில்லாமல் நிரம்பிக்கொண்டிருந்தது. அவள் கீழே பார்க்கவில்லை. கண்ணாடி மறுபடி மின்னியது. மறுபடியும். நிற்காமல் மின்னியது.

"பாருக்கா, லூசு மாதிரி ஆட்டிக்கிட்டே இருக்கான்" என்று சிரித்துக்கொண்டே கைக்குட்டையை எடுத்து வீசினாள். அவளும் நிற்காமல் வீசினாள். கால் மணி நேரம் இருக்கும். பிறகு மின்னுவது நின்றது. அவள் இன்னும் கொஞ்ச நேரம் வீசிக்கொண்டிருந்தாள்.

முப்பத்தொன்பது பேர்.

விசாரணைக்காரரின் கேள்விக்கு நான்காம் நாள் பதில் சொன்னேன். சொல்லாமல் விட்டால் அவர் பேனா மூடி உடைந்துவிடும் போலிருந்தது. நான்கு நாள் தள்ளிப் போட்டிருந்தால் தண்ணீர் நிற்பதை எல்லோரும் பார்த்திருப்பார்கள். தாள் தப்பு என்று தெரிந்திருக்கும். அலுவலகம் செய்த பிழை என்றால் மணவாக்கு அடுத்த வருடத்துக்கு நீளும், விதி இருக்கிறது. ஆகவே தண்ணீர் இறங்கும் நாளாக இருக்க வேண்டும். கதவு திறக்கும் நாளாக, அவன் பாதையில் கால் வைக்கும் நாளாக இருக்க வேண்டும். முந்தைய நாளைப் போட்டால் இடைவெளி அறுபத்திரண்டாகும், அது வரவே வராது; மிச்சம் அப்படி ஒரு நாள்தான் இருந்தது. அவனோடு வந்தவர்களை என் கணக்கில் சேர்க்கவில்லை. மூன்றையும் எட்டையும் தெளிவாகப் பார்ப்பவளுக்கு அது எப்படி விட்டுப்போனது என்று அவர் கேட்டார். வேலை அதிகம் என்றேன்.

எப்படிப் பிடிபட்டேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். வரைவுத் தாளைக் கிழித்துப் போட எனக்கு மனம் வராது. தப்பான கணக்கைக் கிழிக்கலாம், அது சரியான கணக்கு. அவர்கள் போன மூன்றாம் நாள் குட்டி கைக்குட்டை தேடி என் இழுப்பறையைத் திறந்தாள்.

"இது என்னக்கா, முப்பத்திரண்டுன்னு போட்டிருக்கு?"

"வரைவுடா. தப்பாப் போட்டேன், அப்புறம் திருத்திட்டேன். நீ வந்து கஞ்சியைக் குடி."

அவள் என் கையைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். கட்டைவிரல் தன் வேலையைச் செய்துகொண்டிருந்தது. அவள் வரைவை மடித்து எடுத்துக்கொண்டு, செருப்பை மாட்டிக்கொண்டு போனாள். எண்ணாத நாட்களில் முதல் நாள் என்னை இங்கே அழைத்துவந்தார்கள். ஐம்பது நாள் யாரும் ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் எல்லாம் அப்போதே முடிந்திருக்கும்.

நேற்று, நான் பதில் சொல்லி முடித்த பிறகு, விசாரணைக்காரர் புதிதாக ஒரு தாளை எடுத்து வைத்தார்.

"இன்னொண்ணு கேக்கணும். அடுத்த தரைநாள் எப்போ? உங்க ஆபீசுல யாருக்கும் சொல்லத் தெரியல. போன தடவை நிஜத் தரைநாள் முப்பத்திரண்டுன்னு இப்பத் தெரியும். அதுல இருந்து அறுபத்துமூணா, அறுபத்துநாலா?"

"யார் போறாங்க?"

"அக்கரையில கரை ஒதுங்கின உடம்புங்களோட சொந்தக்காரங்க இங்க காத்துக்கிட்டு இருக்காங்க. நூறு பேருக்கு மேல." கொஞ்சம் தயங்கினார். "உங்க தங்கச்சியும் போறாங்க. அந்தப் பையனோட அம்மா தனியா இருக்காங்களாம். இனிமே அவங்ககூடவே இருந்துக்கிறேன்னு சொல்றாங்க."

அறையின் ஓரத்தில் பக்கத்து அறைக்குப் போகும் வாசலில் ஒரு திரை தொங்கியது. அதன் கீழே இரண்டு பாதங்கள் தெரிந்தன. இடது செருப்பின் வார் பிய்ந்து, கறுப்பு நூலால் தைத்திருந்தது. அதைத் தைத்தது நான்.

அவள் என்னைப் பார்க்க வரவில்லை. என் கையைப் பார்க்க வந்திருந்தாள்.

அதுவரை மேசைக்கு அடியில் இருந்த கைகளை எடுத்து மேசை மேல் வைத்தேன். "அறுபத்துநான்கு" என்றேன். "இரண்டாம் மாதம் பத்தொன்பதாம் தேதி." உண்மை அதுதான். முப்பத்திரண்டிலிருந்து மாதம் முடிய நான்கு நாள், எண்ணாத நாட்கள் இந்த வருடம் ஐந்து, முதல் மாதம் முப்பத்தாறு, பிறகு பத்தொன்பது. என் வாழ்க்கையில் இதைவிடச் சரியான ஒன்றை நான் சொன்னதில்லை. சொல்லும்போது கட்டைவிரலால் காய்ப்பை மெதுவாகத் தடவினேன். இந்தத் தடவை எனக்குத் தெரிந்தே.

திரை அசைந்தது.

"பொய் சொல்றா" என்றது குட்டியின் குரல். ஐம்பது நாளுக்குப் பிறகு கேட்கிறேன், சளி பிடித்தது போல இருந்தது. "ஒரு நாள் தள்ளிச் சொல்றதுதான் அவ பழக்கம். பதினெட்டுன்னு போட்டுக்குங்க சார்."

விசாரணைக்காரர் என்னைப் பார்த்தார். நான் சுவரில் இருந்த தாளைப் பார்த்தேன். அவர் பத்தொன்பதை அடித்துவிட்டுப் பதினெட்டு என்று எழுதினார். எழுத்தைத் தலைகீழாகப் படிப்பது எங்கள் தொழிலில் சாதாரணம். எட்டைக் கோணலாகப் போட்டார்.

என் மேல் தப்பு சொல்ல இதில் ஒன்றும் இல்லை என்று நினைக்கிறேன். கேட்டார்கள், சரியான தேதியைச் சொன்னேன். விரலைத் தடவுவது குற்றம் என்று எந்த விதியிலும் இல்லை. இருபது வருடம் வளர்த்தவளின் வார்த்தையை நம்பாமல் விரலை நம்புகிறவளை நான் என்ன செய்ய முடியும்? ஒரு அறுபத்துமூன்றுக்கு அடுத்து இன்னொரு அறுபத்துமூன்று வராது என்பது என் மேசைக்கு மேலேயே ஒட்டியிருக்கிறது. யாராவது போய்ப் படித்தால் போதும். யாராவது.

குட்டிக்குச் சின்ன வயதிலிருந்தே தண்ணீர் என்றால் பயம். மணல் ஈரமாக இருப்பதைப் பார்ப்பாள், யோசிப்பாள், கரையிலிருந்தே திரும்பிவிடுவாள். வீட்டில் தனியாக இருந்து பழக்கமில்லாதவள். கொஞ்ச நாளில் கோபம் தணிந்து என்னைத் தேடி வருவாள்.

இன்று பதினாறு. சாப்பாடு கொண்டுவரும் அம்மா ஒரு நாளைக்கு மூன்று முறை வருகிறார். நல்ல மாதிரி. தட்டை எடுக்கும்போது, "வேற ஏதாச்சும் சொல்லணுமாம்மா?" என்று தவறாமல் கேட்கிறார். குழம்பில் உப்பு கூடுதலாக இருப்பதைச் சொன்னேன். தேதியைப் பற்றி அவர் கேட்கவில்லை. கேட்டால் சொல்லிவிடுவேன்.